டில்லி மௌலவியும் எம் அன்னையும்

இவ்வாண்டுச் சஞ்சிகையின் தமிழ்ப் பகுதிக்கு ஏதேனும் ஒன்று எழுதித் தருக என்று பதிப்பாசிரியர் எம்மைப் பணித்தபோது, உருது மொழியில் பல நூல்களைப் பெயர்த்துத் தந்த ஒரு முஸ்லிம் அறிஞரின் வரலாற்றை எழுதுகிறோம் என்று விடை கூறினோம். தமிழ்ப் பகுதியில் உருதுப் புலவருக்கு என்ன வேலை என்று அவர் புன்னகை செய்தார். அவ்வினா நியாயமானதே. அதற்கு விடை கூறவேண்டுமாயின் எமது வாழ்வில் நேர்ந்த ஒரு தவற்றை முதலில் ஒப்புக்கொள்ளல் வேண்டும். பிறர் வரலாற்றை எழுதப் புகுவோர் தம் வரலாற்றை இடையே நுழைத்தல் அழகன்று என்பதை அறிவோம். எனினும் இங்கே ஒன்றை விட்டு மற்றொன்றைச் சொல்ல இயலவில்லை.

நாம் இக்கலாசாலையில் இரண்டாம் ஆண்டு வகுப்பில் பயின்றபோது, மொழிபெயர்ப்புப் பரீட்சையில் முதன்மை பெற்றோம். அக்காலத்து எமக்கிருந்த செருக்கிற்கு அளவில்லை. விடுமுறைக்கு ஊர் சென்றிருந்த சமயம், ஓர் அலுவலகத்திலிருந்து எம் அன்னையார் பெயருக்கு ஆங்கிலத்தில் ஓர் அறிவிப்பு வந்தது. சாலையை அகலப்படுத்தும் பொருட்டு எமது புன்செய் நிலத்தின் ஓரத்தில் ஒரு துண்டு எடுத்துக்கொள்ளப்படும் என்பதும், அதற்குரிய ஈட்டுத் தொகை இன்னதென்பதும், மறுப்பு உண்டாயின் முப்பது நாளுக்குள் எழுதித் தரவேண்டும் என்பதும் அதன் சாரம். அன்னையார் திண்ணையில் அமர்ந்து, 'இதில் என்ன எழுதியிருக்கிறது, தம்பி?' என்று வினவினார். நாம் எழுந்து நின்று, பரீட்சைத் தாளை வாசிப்பது போலவே அதனைத் தமிழில் முழங்கினோம். 'சார்வு செய்யப்பட்ட தேதியினின்றும் முப்பது தினங்கட்குள் ஆட்சேபனை சமர்ப்பிக்கப்படாவிடில் அவ்வுரிமை அற்றொழிந்ததாகக் கருதப்படும்' என்பது அன்று எமது வாயினின்று வந்த வாக்கியம். அன்னையார் தலையசைத்தார். நாமும் கடமை முடிந்ததென்று கலாசாலைக்குத் திரும்பினோம்.

முப்பது நாளும் கடந்தன. அந்நிலத்தின் ஓரத்தில் நின்ற இரண்டு புளியமரங்கள் ஈட்டுக் கணக்கில் சேர்க்கப்படவில்லை என்பது மரம் வெட்டும் ஆட்கள் வந்த பிறகே தெரிந்தது. ஆண்டுதோறும் அம்மரங்களின் புளியை விற்றுத்தான் எமது விடுதிக் கட்டணத்தில் ஒரு பகுதி கட்டப்பட்டு வந்தது. அளக்க வருவோரிடம் மரங்களைச் சுட்டிக் காட்டலாம் என்று அன்னையார் காத்திருந்தாராம். நாம் கூறியதில் நாள் குறித்த செய்தி இருந்ததையே அவர் அறிந்திலர். செய்தி கேட்டு ஊருக்கு ஓடிச் சென்ற எம்மை அவர் கடிந்து ஒரு சொல்லும் கூறவில்லை. 'அன்றைக்கே இதைத் தமிழில் சொல்லியிருக்கலாமே, தம்பி' என்று மட்டும் கூறினார்.

நாம் தமிழில்தான் சொன்னோம். அஃது அவருக்குத் தமிழாக இல்லை. இவ்விரண்டுக்கும் இடையே உள்ள தூரம் எவ்வளவு என்று எமக்குக் கற்பித்தவர் எமது ஆசிரியரல்லர். டில்லி மாநகரில் 1912-ஆம் ஆண்டில் மறைந்த மௌலவி நஜீர் அஹ்மத் என்பவர். அவர் பெயரை நாம் முதன்முதல் கேட்டது எமது விடுதியிலேயாம். எமது அறையில் உடனுறைந்த நண்பர் ஆம்பூரைச் சேர்ந்தவர். வீட்டில் உருது பேசும் குடும்பத்தினர். எமது புளியமர வரலாற்றைக் கேட்டு அவர் நகைக்கவில்லை. தம் நானி, அதாவது தாயைப் பெற்ற பாட்டியார், பள்ளிக்கூடத்து வாயிலை மிதியாதவர் என்றும், ஆயினும் ஓர் உருதுக் கதைநூலை முழுவதும் காதால் கேட்டே மனத்தில் இருத்தியவர் என்றும், அதன் ஆசிரியர் இம்மௌலவியே என்றும் கூறினார். அடுத்த விடுமுறைக்குப் பின் அந்நூலைக் கொணர்ந்து, இரவுதோறும் சிறிது சிறிதாக எமக்குப் பொருள் கூறினார். அன்று தொடங்கி அப்பெரியாரின் வாழ்க்கையைத் தேடிக் கற்று வந்துள்ளோம்.

மௌலவி நஜீர் அஹ்மத் பிறந்தது வட இந்தியாவில் பிஜ்னோர் ஜில்லாவைச் சேர்ந்த ரேஹர் என்னும் சிற்றூர், காலம் 1830-களில். தந்தையார் மௌலவி ஸஆதத் அலி. அரபும் பாரசீகமும் கற்பித்து வாழ்ந்த வறிய ஆசிரியர். மகனுக்கு முதல் ஆசிரியரும் அவரே. பின்னர், 1842-ஆம் ஆண்டளவில், மேற்கல்விக்காகச் சிறுவனை டில்லிக்கு அழைத்துச் சென்று, ஔரங்காபாதிப் பள்ளிவாசலில் மாணவர்க்குப் பாடஞ்சொல்லி வந்த மௌலவி அப்துல் காலிக் என்பாரிடம் ஒப்புவித்தார்.

அக்காலத்துப் பள்ளிவாசல் மாணவர்க்கு விடுதியும் இல்லை, சமையற்கூடமும் இல்லை. பள்ளிவாசலே உறைவிடம்; தெருவிலுள்ள இல்லங்களே உணவுச்சாலை. வேளை வந்ததும் சிறுவர்கள் வீடுவீடாகச் சென்று ரொட்டி வாங்கி வருதல் வழக்கம். ஒரு வீட்டில் பருப்பு, ஒரு வீட்டில் வெறும் ரொட்டி, மற்றொரு வீட்டில் சிறிது குழம்பு என்று கிடைத்ததைக் கொணர்ந்து பகிர்ந்து உண்பர். நஜீர் அஹ்மதும் இவ்வாறே உண்டு வளர்ந்தார். இதனோடு ஆசிரியரது இல்லத்து வேலைகளும் அவர் தலையில் விழுந்தன. கடைக்குச் செல்லுதல், குழந்தையைத் தூக்கி வைத்திருத்தல், மசாலை அரைத்தல் முதலிய ஏவல்களைச் செய்தார். அவ்வில்லத்தில் ஒரு சிறுமி இருந்தாள். இவர் அரைக்கும் கை சற்றே ஓய்ந்தாலும் குழவியை வாங்கி இவரது விரல்களின்மீது ஓர் அடி கொடுப்பாளாம். பிற்காலத்தில் அச்சிறுமியே இவருக்கு வாழ்க்கைத் துணைவியானாள். இவ்வரலாற்றை முதுமையில் அவரே தம் மாணாக்கரிடம் நகைச்சுவையோடு சொல்லி மகிழ்ந்திருக்கின்றார்.

இதனை நாம் வெறும் வேடிக்கைக்காக இங்கே எழுதவில்லை. பிஜ்னோர்ச் சிற்றூரிலிருந்து வந்த பையனுக்கு டில்லியின் தூய வழக்குமொழி எங்ஙனம் வாய்த்தது? மதரஸாவில் அரபு இலக்கணம் கற்பித்தனர். எவரும் டில்லி உருதைக் கற்பித்திலர். ரொட்டி வாங்கச் சென்ற வாயில்தோறும், அடுப்பருகே பெண்டிர் பேசிய பேச்சு அவர் செவியில் விழுந்தது. மருமகளை மாமியார் கடிவதும், வேலைக்காரியிடம் கணக்குக் கேட்பதும், குழந்தையைத் தாலாட்டுவதும், அண்டை வீட்டாரைப் பற்றி அடக்கிய குரலில் பேசுவதும் எத்தகைய சொற்களில் நிகழும் என்பதை அவர் பசியோடு நின்று கேட்டார். பிற்காலத்தில் உருது மொழியில் பெண்டிர் பேச்சை அவரைப்போல் எழுதினோர் அரியர் என்று புலவர் புகழ்ந்தனர். அப்புகழின் வித்து அந்த வாயிற்படிகளில் விதைக்கப்பட்டதென்றே நாம் நம்புகிறோம்.

அவர் டில்லிக் கலாசாலையில் சேர்ந்த வரலாறும் கேட்கத்தக்கது. ஒருநாள் அக்கலாசாலையில் வாய்மொழிப் பரீட்சை நடப்பதைக் காணக் கூட்டத்தோடு சென்ற சிறுவர், நெரிசலில் வழுக்கி விழுந்தனர். அங்கிருந்த ஆங்கிலேயத் தலைவர் அவரைத் தூக்கி நிறுத்தி, என்ன படிக்கிறாய் என்று வினவ, அரபு மொழியின் பழம்பெருங் கவிதைகளாகிய முஅல்லகாத்தைப் படிப்பதாக விடை வந்தது. கந்தை உடுத்த சிறுவனுக்கும் அக்கவிதைகளுக்கும் என்ன தொடர்பென்று வியந்து, பரீட்சை நடத்திய முஃப்தி ஸத்ருத்தீனிடம் அழைத்துச் சென்றனர். கேட்ட வினாக்களுக்கெல்லாம் தக்க விடை கூறவே, சிறு உபகாரச் சம்பளத்துடன் இடம் கிடைத்தது. இதுவும் அவர் தம் மாணாக்கரிடம் கூறிய செய்தியே. 1846-ஆம் ஆண்டு முதல் ஏறக்குறைய எட்டாண்டுகள் அவர் அங்கே பயின்றார்.

டில்லிக் கலாசாலை அந்நாளில் ஒரு புதுமை. கீழ்நாட்டுக் கல்வியும் மேல்நாட்டுக் கணிதமும் இயற்கை நூலும் அங்கு ஒரே கூரையின்கீழ்க் கற்பிக்கப்பட்டன. அதிலும் மேல்நாட்டு அறிவு உருது மொழி வாயிலாகவே கற்பிக்கப்பட்டது. இதற்காகப் பாடநூல்களை உருதுவில் பெயர்க்கவே ஒரு சங்கம் நிறுவியிருந்தனர். கணித மேதை மாஸ்டர் ராமச்சந்திரர் அங்கே ஆசிரியர். பின்னாளில் பெரும்புகழ் பெற்ற முஹம்மத் ஹுஸைன் ஆஸாத், மௌலவி ஸகாஉல்லா ஆகியோர் நஜீர் அஹ்மதோடு அங்கே பயின்றவர்கள். ஆங்கில மொழி கற்பிக்கும் பிரிவும் அங்கே உண்டு. ஆயினும் மகன் ஆங்கிலம் கற்பதைவிட இறப்பதே மேல் என்று கருதிய தந்தையார் அதற்கு உடன்படவில்லை. மகனும் தந்தை சொல்லைத் தட்டாது அரபுப் பிரிவிலேயே நின்றார்.

கல்வி முடித்து, 1854-ஆம் ஆண்டில் பஞ்சாபில் குஜ்ராத் ஜில்லாவைச் சேர்ந்த குஞ்சா என்னும் ஊரில் சிறு சம்பளத்தில் ஆசிரியரானார். பின்பு பள்ளிக்கூடங்களைப் பார்வையிடும் துணை அதிகாரியானார். 1857-ஆம் ஆண்டின் கலகம் டில்லியைப் பாழாக்கியபோது அவர் அந்நகரில் இருந்தார். அவர் மனைவியின் குடும்பத்தார் காயமுற்ற ஆங்கில மாது ஒருத்தியைத் தம் இல்லத்தில் மறைத்துக் காப்பாற்றினர். அவர் பயின்ற கலாசாலையோ சூறையாடப்பட்டது, அதன் தலைவர் கொல்லப்பட்டார், நூல்கள் சிதறின. தாம் வளர்ந்த உலகம் ஒரு கோடையில் மறைந்ததைக் கண்ணாரக் கண்டவர் அவர் என்பதை நாம் மறத்தலாகாது.

பின்னர் அலகாபாத்தில் பணிபுரிந்த நாளில், தந்தையார் தடுத்த ஆங்கிலத்தைத் தம் முயற்சியாலேயே கற்றார். அதன் பயனாக அவருக்கு வந்த பெரும் பணி இந்திய தண்டனைச் சட்டத்தை உருதுவில் பெயர்ப்பது. மெக்காலே பிரபுவின் தலைமையில் வரைவு செய்யப்பெற்று, 1860-ஆம் ஆண்டில் சட்டமாகி, 1862-ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள் நடைமுறைக்கு வந்த அச்சட்டம் 511 பிரிவுகளைக் கொண்டது. வட இந்தியாவில் பாரசீகத்தின் இடத்தில் உருது நியாயஸ்தல மொழியாகிப் பல ஆண்டுகள் ஆகியிருந்தமையால், உருதுவில் இல்லாத சட்டம் மக்களுக்கு இல்லாத சட்டமே. மற்றும் சிலரோடு சேர்ந்து நஜீர் அஹ்மத் இப்பணியைச் செய்து முடித்தார்.

இங்கே அவர் தேர்ந்த சொற்களைக் கவனித்தல் வேண்டும். சட்டத்துக்கு அவர்கள் இட்ட பெயர் 'தஅஸீராத்தே ஹிந்த்'. 'தஅஸீர்' என்பது இஸ்லாமிய நீதிநூலில், அளவு முன்னரே வரையறுக்கப்படாது நீதிபதியின் தீர்மானத்துக்கு விடப்பட்ட தண்டனையைக் குறிக்கும் பழஞ்சொல். புதிய சட்டமோ பெரும்பாலான குற்றங்களுக்கு மேல்வரம்பை மட்டும் கூறி, அதற்குட்பட்டதை நீதிபதியிடமே விட்டது. பழஞ்சொல் புதுப்பொருளுக்கு எத்துணைப் பொருத்தமாக அமைந்தது பாருங்கள்! அவதூறு என்னும் குற்றத்துக்கு அதில் வழங்கும் தொடர், 'ஊரறிந்த மதிப்பை நீக்குதல்' என்று பொருள்படுவது. இவை அடுப்பங்கரைச் சொற்களல்ல, அரபுச் சொற்கள். ஆனால் அவற்றைப் படிக்கவேண்டிய வக்கீல்களும் எழுத்தர்களும் அன்று அச்சொற்களிலேயே பழகியவர்கள். யாருக்காக எழுதுகிறோமோ அவர் கையிலுள்ள நாணயத்திலேயே விலை கூறவேண்டும் என்பதை மௌலவி அறிந்திருந்தார். அச்சட்டத்தின் இடத்தில் 2024-ஆம் ஆண்டு ஜூலை முதல் நாள் இந்தியாவில் வேறு சட்டம் வந்துவிட்டது. எனினும் பாகிஸ்தானின் தண்டனைச் சட்டத்துக்கு உருதுவில் வழங்கும் பெயர் இன்றும் 'தஅஸீராத்தே பாகிஸ்தான்' என்பதே.

இப்பணிக்குப் பின் அவர் தாசில்தாராகவும், 1863-ஆம் ஆண்டளவில் டிப்டி கலெக்டராகவும் உயர்ந்தார். 'டிப்டி நஜீர் அஹ்மத்' என்றே உலகம் அவரை அழைக்கலாயிற்று. ரொட்டி வாங்கித் திரிந்த சிறுவன் குதிரைமீதேறி ஜில்லாவைச் சுற்றும் அதிகாரியானார். இந்நிலையில் அவருக்கு ஒரு வீட்டுக்கவலை உண்டாயிற்று. தம் பெண்மக்கள் படிப்பதற்குத் தகுந்த நூல் ஒன்றும் உருதுவில் இல்லை. ஆதலின் அவர்களுக்காகத் தாமே சிறுசிறு பகுதிகளாகக் கதை எழுதிக் கொடுத்து வந்தார். மகன் பஷீருக்கும் தனியே ஒரு நூல் எழுதினார். கல்வித்துறைத் தலைவராகிய கெம்ப்ஸன் துரை சுற்றுப்பயணத்தில் அச்சிறுவனைக் கண்டு, என்ன படிக்கிறாய் என்று கேட்கப்போய், இக்கையெழுத்து நூல்கள் வெளியுலகுக்குத் தெரிந்தன. 1869-ஆம் ஆண்டில் 'மிராத்துல் உரூஸ்', அதாவது 'மணமகளின் கண்ணாடி', அச்சில் வந்தது. அரசாங்கம் 1000 ரூபாய் பரிசளித்து 2000 பிரதிகளை வாங்கியது. மாகாணத் தலைவர் ஸர் வில்லியம் மியூர் தம் சார்பில் ஒரு கடிகாரமும் வழங்கினார்.

எமது ஆம்பூர் நண்பரின் நானி மனத்தில் இருத்திய நூல் இதுவே. அக்பரி, அஸ்கரி என்னும் சகோதரியர் இருவர் ஒரே குடும்பத்துச் சகோதரர் இருவரை மணக்கின்றனர். மூத்தவள் பொறுப்பற்றவள்; புனித யாத்திரை சென்று வந்தவள்போல் நடித்த ஒரு கள்ளியிடம் நகைகளைப் பறிகொடுக்கிறாள். இளையவள் படித்தவள், பல்லாண்டாக வீட்டுக் கணக்கில் திருடி வந்த பணிப்பெண்ணைக் கண்டுபிடித்துக் குடும்பத்தைக் கடனினின்று மீட்கிறாள், பின்பு வீட்டிலேயே பெண்பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்துகிறாள். கதை எளியதே. நல்லவள் மிக நல்லவளாகவும் மற்றவள் மிகப் பேதையாகவும் இருப்பது இக்கால வாசகர்க்குச் சலிப்பூட்டலாம். ஆனால் அதிலுள்ள மாந்தர் வாய்திறந்தால் எழுத்தின் வாடையே வீசுவதில்லை என்றார் நண்பர். படிப்பறியாத அவர் நானி, 'இது எங்கள் வீட்டில் நடந்ததை யாரோ ஒளிந்திருந்து எழுதியது' என்பாராம். அது கேட்ட எமக்கு, நாம் திண்ணையில் நின்று முழங்கியதும் அன்னையார் தலையசைத்ததும் நினைவில் வந்து உறுத்தின.

1877-ஆம் ஆண்டில் ஹைதராபாத் மந்திரி ஸர் ஸாலார் ஜங்கின் அழைப்பை ஏற்றுச் சென்று அங்கே உயர்ந்த பதவி வகித்தார். அதிகார வேலைகளுக்கிடையே திருக்குர்ஆன் முழுவதையும் மனனம் செய்தது அவ்வூரிலேயாம். ஸாலார் ஜங் 1883-ஆம் ஆண்டில் மறைந்ததும், அடுத்த ஆண்டில் பதவியை விட்டு டில்லிக்குத் திரும்பினார். அதன் பின்னரே தம் வாழ்வின் தலையாய பணியாகத் தாமே மதித்த திருக்குர்ஆன் மொழிபெயர்ப்பைத் தொடங்கினார்.

இப்பணியில் அவருக்கு முன்னோர் உண்டு. பதினெட்டாம் நூற்றாண்டில் டில்லிப் பேரறிஞர் ஷாஹ் வலியுல்லா திருமறையைப் பாரசீகத்தில் பெயர்த்தார். அவர் மக்களுள் ஷாஹ் ரஃபீஉத்தீன் சொல்லுக்குச் சொல் வைத்து உருதுவில் பெயர்த்தார். ஷாஹ் அப்துல் காதிர் 1790-ஆம் ஆண்டளவில் பொருள் விளங்க எளிய உருதுவில் பெயர்த்தார். ஆயினும் நூறாண்டில் மொழி மாறிவிட்டது. மூலத்தின் சொன்முறையைப் பின்பற்றிய வாக்கியங்கள் பொதுமக்களுக்கு எட்டவில்லை. நஜீர் அஹ்மத், இக்காலத்து டில்லி மாந்தர் வீட்டில் பேசும் நடையிலேயே பெயர்ப்பதென்று துணிந்தார். மூலத்தில் தொக்கு நிற்கும் பொருளை விளக்க, பிறைக்கோட்டுக்குள் தம் சொற்களைச் சேர்த்தார். 1890-களின் நடுவில் வெளிவந்த அம்மொழிபெயர்ப்பை மக்கள் விரும்பி வாங்கினர். பதிப்பின்மேல் பதிப்பு வந்தது. அதுவரை ஓதி மட்டுமே வந்த பலர், தாம் ஓதுவதன் பொருளை முதன்முறை தம் வீட்டுப் பேச்சில் கேட்டனர்.

எதிர்ப்பும் உடன் எழுந்தது. மௌலானா அஷ்ரஃப் அலி தானவி போன்ற பேரறிஞர் அதிலுள்ள பிழைகள் எனத் தாம் கருதியவற்றைத் திரட்டித் தனிநூலே எழுதினர். தெருவழக்கும் பழமொழியும் இறைவாக்கின் கண்ணியத்துக்குப் பொருந்தா என்பது கண்டித்தோர் பலரின் கருத்து. இதனை வீண் பொறாமை என்று நாம் தள்ளிவிடுதல் நேர்மையன்று. வீட்டுப்பேச்சு அணுக்கத்தைத் தரும். அவ்வணுக்கமே சில இடங்களில் மரியாதைக் குறைவாகவும் ஒலிக்கும். கத்தியின் கூர்மையும் அதனால் வரும் காயமும் ஓரிடத்தனவே. மௌலவிக்குச் சுவையான மரபுத்தொடர் கண்ணில் பட்டால் விடமாட்டார் என்று அவரை நேசித்தோரும் கூறியதுண்டு.

அவரை நேசித்தோருள் முதல்வர் மிர்ஸா ஃபர்ஹத்துல்லா பேக். இவரும் இவர் தோழர் குலாம் யஸ்தானியும் 1903-ஆம் ஆண்டில் டில்லி மிஷன் கலாசாலையில் சேர்ந்தவர்கள். நம்மைப் போன்ற மாணவர்களே. அரபுப் பாடத்துக்கு உதவி தேடி முதியவர் வீட்டுக் கதவைத் தட்டினர். அவர் கட்டணம் வாங்காமல் கற்பித்தார். அந்நாட்களைப் பற்றி மிர்ஸா பின்னர் எழுதிய சித்திரம் உருது இலக்கியத்தின் மணிகளுள் ஒன்றாக எண்ணப்படுகிறது. முதியவரின் சிக்கனம், பணத்தைப் பெருக்குவதில் இருந்த ஆசை, வீட்டில் உடையைப் பற்றிக் கவலைப்படாத எளிமை, எதிரே மாணவர் அமர்ந்திருக்கத் தாம் மட்டும் சுவைத்து உண்ணும் வேடிக்கை ஆகிய ஒன்றையும் அவர் மறைக்கவில்லை. பட்டங்கள் பல பெற்ற பின்னும் ரொட்டிக்காக வீடுவீடாகச் சென்ற கதையை முதியவர் சிறிதும் மறைக்காமல் சொன்னார் என்பதையும் அவர் எழுதத் தவறவில்லை. அதே கலாசாலையில் ஆசிரியராயிருந்த ஸி. எப். ஆண்ட்ரூஸ் துரைக்கும், பழைய டில்லிக் கலாசாலையையும் தோழர் ஸகாஉல்லாவையும் பற்றிய நினைவுகளைக் கூறி உதவியவர் நஜீர் அஹ்மதே.

1897-ஆம் ஆண்டில் 'ஷம்ஸுல் உலமா' என்னும் பட்டமும், 1902-ஆம் ஆண்டில் எடின்பரோ சர்வகலாசாலையின் கௌரவ டாக்டர் பட்டமும் அவரைத் தேடி வந்தன. ஆயினும் இறுதிக்காலத்தில் ஒரு பெருந்துயர் நேர்ந்தது. நபிகள் நாயகத்தின் துணைவியரைத் தூற்றி ஒருவர் எழுதிய நூலுக்கு மறுப்பாக, 'உம்மஹாத்துல் உம்மா' என்னும் நூலை அவர் எழுதினார். நோக்கம் போற்றத்தக்கது. ஆனால் நடையோ அவரது வழக்கமான வீட்டு நடை. போற்றுதற்குரிய அன்னையரைப் பற்றி அத்தகைய சொற்களில் எழுதலாமா என்று உலமாக்கள் வெகுண்டனர். பிரதிகள் திரட்டப்பட்டு டில்லியிலேயே தீக்கிரையாக்கப்பட்டன. அவர் 1874-ஆம் ஆண்டில் வெளியிட்ட 'தவ்பத்துன் நஸூஹ்' என்னும் கதையில், மனந்திருந்திய தந்தை ஒருவர் கவியுள்ளம் படைத்த மூத்த மகனின் நூல்களையெல்லாம் தீயிலிடும் காட்சி உண்டு. அன்று கதையில் நூலெரித்தவரின் நூலே இன்று எரிந்தது. அத்தீயின் முன் அவர் என்ன நினைத்தாரென்று கற்பனை செய்ய நமக்கு உரிமையில்லை. சில ஆண்டுகளில், 1912-ஆம் ஆண்டில், அவர் காலமானார்.

இவ்வாழ்க்கையை நாம் எத்தனையோ முறை எண்ணிப் பார்த்ததுண்டு. வழுக்கி விழுந்த சிறுவன் டாக்டர் பட்டம் பெற்றார் என்று மட்டும் சொல்லி முடிப்பது எளிது. எமக்கு அதனினும் பெரிதாகத் தோன்றுவது வேறொன்று. சட்டத்தைப் பெயர்க்கும்போது எழுத்தனையும், கதை எழுதும்போது தம் பெண்மக்களையும், திருமறையைப் பெயர்க்கும்போது தமக்கு முன்னொரு நாள் ரொட்டி இட்ட வீடுகளையும் அவர் மனக்கண்முன் நிறுத்திக்கொண்டார். கேட்பவரை மறவாத வரையில் அவர் சொல் வென்றது. பேசப்படுவோரின் சிறப்பை அவர் சற்றே மறந்தபோது அதே சொல் அவரைச் சுட்டது. நாமோ திண்ணையில் அன்னையாரை எதிரே வைத்துக்கொண்டு, ஆங்கில மூலத்தையும் பரீட்சை எண்களையும் மட்டுமே நினைந்தோம்.

மாணவ நண்பர்களே, நீவிர் கற்ற கல்வியை நம்பி ஒரு தாளோடு உம்மிடம் வருவோர் எந்நாளும் இருப்பர். மருத்துவரின் குறிப்பாகவோ, கடன் பத்திரமாகவோ, அரசாங்க அறிவிப்பாகவோ அஃது இருக்கலாம். அப்பொழுது சொல்வளத்தைக் காட்ட வேண்டா. முப்பது நாளுக்குள் எழுதிக் கொடுக்க வேண்டும் என்றால், 'வருகிற மாதம் இன்ன தேதிக்குள் எழுதிக் கொடுக்கவேண்டும், இல்லையேல் கேட்க முடியாது' என்று கூறுங்கள்; கூறியபின், கேட்டவரையே திருப்பிச் சொல்லச் செய்யுங்கள். இவ்வொரு வழக்கத்தை நாம் அந்நாள் முதல் கைவிடவில்லை.

எம் அன்னையார் இப்போது இல்லை. சாலை அகன்றுவிட்டது, புளியமரங்கள் நின்ற இடத்தில் பேருந்துகள் ஓடுகின்றன. அவர் இருந்த காலத்து, பிற்பாடு வந்த கடிதங்களையெல்லாம் நாம் அவர் அருகில் அமர்ந்தே படித்துச் சொல்லி வந்தோம். ஒருமுறை, வங்கியிலிருந்து வந்த நீண்ட கடிதமொன்றை அவ்வாறு கூறி முடித்தபோது, அவர் அதன் பொருளை ஒன்றும் விடாது திருப்பிச் சொல்லிவிட்டு, 'இவ்வளவுதானா? இது நம் பேச்சாகவே இருக்கிறதே' என்றார். பரீட்சையில் நாம் பெற்ற முதன்மையைக் காட்டிலும் அச்சொல்லையே நாம் பெரிதாகப் போற்றி வருகிறோம். அதற்கு வழிகாட்டிய டில்லி மௌலவிக்கு நன்றி கூறத் தமிழ்ப் பகுதியே தக்க இடமென்பதைப் பதிப்பாசிரியரும் இப்போது ஒப்புக்கொள்வாரென நம்புகிறோம்.